டாரிஃப் தப்புன்னு ஈபி நோட்டீஸ் வந்தா என்ன செய்யணும்: கடை, பட்டறை, சின்ன கம்பெனி நடத்துறவங்களுக்கு

தொழில் ஆரம்பிச்சு கொஞ்ச வருஷத்துல நிறைய பேர் மாட்டிக்கிற இடம் இது. கரண்ட் பில்லை ஒழுங்கா கட்டிட்டு வருவாங்க, ஒரு பைசா பாக்கி இருக்காது, திடீர்னு ஒரு நாள் உங்க சர்வீஸ் (மின் இணைப்பு) தப்பான டாரிஃப்ல, அதாவது தப்பான கட்டண வகையில ஓடிட்டு இருந்திருக்கு, இவ்வளவு கட்டுங்கன்னு ஒரு பேப்பர் வரும். பயந்துபோய் சில பேர் அன்னைக்கே கட்டிடுறாங்க, சில பேர் அதை மடிச்சு டிராயர்ல போட்டுட்டு மறந்துடுறாங்க, ரெண்டுமே உங்களுக்குத்தான் நஷ்டம். நான் சொல்ல வர்றது ஒண்ணே ஒண்ணுதான், தொகையைப் பார்க்குறதுக்கு முன்னாடி அந்தப் பேப்பர்ல எந்த செக்ஷன், அதாவது எந்தச் சட்டப் பிரிவு போட்டிருக்காங்கன்னு பாருங்க. நீங்க கட்ட வேண்டியது எவ்வளவு, எங்க போய் முறையிடணும், கையில எத்தனை நாள் இருக்கு, இது மூணுமே அந்த ஒரு நம்பரை வச்சுத்தான் மாறுது.

நான் எழுதுறது தமிழ்நாட்டுக் கணக்கு. 2003 மின்சாரச் சட்டம் நாடு முழுக்க ஒண்ணுதான், ஆனா டாரிஃப் வகை, ரேட்டு, சப்ளை கோடு (மின் வழங்கல் விதிகள்) எல்லாம் மாநிலத்துக்கு மாநிலம் வேற. இங்க அதை முடிவு பண்றது டிஎன்ஈஆர்சி, அதாவது மின்சார ஒழுங்குமுறை ஆணையம். நாம ஈபின்னு சொல்ற ஆபீஸ் முன்னாடி மின்வாரியமா இருந்து, 2010 நவம்பர்ல டான்ஜெட்கோ ஆகி, 2024-ல இருந்து டிஎன்பிடிசிஎல்னு பேர் மாறி இருக்கு, அதனால பழைய பேப்பர்ல ஒரு பேரும் புதுசுல ஒரு பேரும் இருந்தா குழம்பாதீங்க.

முதல்ல உங்க டாரிஃப் எதுன்னு பாருங்க

வெள்ளை அட்டையிலயும் இருக்கும், ஆன்லைன் பில்லுலயும் இருக்கும். எல்டி (தாழ்வழுத்த) சர்வீஸ்னா வீட்டுக்கு 1-ஏ, தனியார் ஸ்கூல் காலேஜுக்கு 2-பி-2, குடிசைத்தொழில் மைக்ரோ யூனிட்டுக்கு 3-ஏ-1, விசைத்தறிக்கு 3-ஏ-2, மத்த இண்டஸ்ட்ரிக்கு 3-பி, விவசாயத்துக்கு 4, கடை ஆபீஸ் ஹோட்டல் தியேட்டர் தனியார் ஆஸ்பத்திரிக்கெல்லாம் 5, தற்காலிக சப்ளைக்கு 6.

இதுல டாரிஃப் 5 பத்தி ஒரு விஷயத்தை மனசுல வச்சுக்கோங்க. அதுக்குப் பேரு கமர்ஷியல்தான், ஆனா வேற எந்த வகையிலயும் அடங்காத எல்லாமே அதுக்குள்ளதான் வந்து விழும். அதனால "நான் கமர்ஷியல் இல்லைங்க, சின்ன தொழில்தான் பண்றேன்"னு சொல்லி ஒரு பிரயோஜனமும் இல்ல. டாரிஃப் ஆர்டர்ல 3-பிக்கோ 3-ஏ-1க்கோ என்ன வார்த்தை போட்டிருக்காங்களோ அந்த வார்த்தைக்குள்ள என் தொழில் வருதுன்னு நீங்கதான் காட்டணும். டிஎன்ஈஆர்சி வெப்சைட்ல ஆர்டர் கிடைக்கும், பெரிய ஃபைல், முழுசும் படிக்க வேண்டாம், கடைசியில டாரிஃப் ஷெட்யூல்னு இருக்குற பகுதியை மட்டும் பிரிண்ட் எடுத்து உங்க வகையையும் அவங்க போடப் பார்க்குற வகையையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் படிங்க. ஒரு மணி நேர வேலைதான், இதைப் பண்ணாமயே வக்கீல் வரைக்கும் போறவங்க நிறைய.

வழக்கமா சண்டை வர்ற இடங்கள் சிலதைச் சொல்றேன்.

3-ஏ-1-ல 12 கிலோவாட்டுன்னு ஒரு வரம்பு இருக்கு. லேத் பட்டறைக்காரர் ரெண்டு மெஷினோட ஆரம்பிச்சிருப்பாரு, அப்புறம் ஒரு கம்ப்ரஸர், ஒரு வெல்டிங் செட்டுன்னு சேர்ந்து லோடு வரம்பைத் தாண்டியிருக்கும், தாண்டினா 3-பிதான். அதே மாதிரி மைக்ரோ யூனிட்னு காட்டுற பதிவுல உற்பத்தின்னு இருக்கணும், சிறு தொழில் பதிவு பண்ற உத்யம் போர்ட்டல்ல ஆடிட்டர் ஆபீஸ் பையன் அவசரத்துல சர்வீஸ்னு டிக் பண்ணியிருந்தா அந்த ஒரு காகிதமே உங்களுக்கு எதிரா நிக்கும். இப்பவே உத்யம் சர்டிஃபிகேட்டை எடுத்துப் பாருங்க, தப்பா இருந்தா பிரச்சினை வர்றதுக்கு முன்னாடி திருத்திடுங்க.

வீட்டுல தொழில் பண்றவங்களுக்கு ஒரு நல்ல வரி இருக்கு, பல பேருக்குத் தெரியாது. டாக்டர், வக்கீல், ஆடிட்டர் மாதிரி தொழில்முறை ஆளுங்க தாங்க குடியிருக்குற வீட்டோட சேர்ந்தாப்ல வச்சிருக்குற கன்சல்டிங் ரூம் 200 சதுர அடிக்குள்ள இருந்தா வீட்டு டாரிஃப்லயே இருக்கலாம். 200 அடியைத் தாண்டினாலோ, குடியிருக்குறது ஒரு இடம் கிளினிக் இன்னொரு இடம்னு இருந்தாலோ இந்தச் சலுகை ஓடாது. இந்த வரியை நம்புறவங்க ரூமை அளந்து ஒரு சின்ன பிளான் வரைஞ்சு ஃபைல்ல வச்சுக்கிறது நல்லது.

ஃபேக்டரி முன்னாடி ஒரு ஷோரூம் போட்டு அதே மீட்டர்ல கரண்ட் எடுக்குறது இன்னொரு வகை. உற்பத்தி பண்ற இடமும் விக்கிற இடமும் ஒரே சர்வீஸ்ல கலந்தா கூடுன ரேட்டைத்தான் போடப் பார்ப்பாங்க, அதுக்கு தனி சர்வீஸ் வாங்கிடுறதுதான் நிம்மதி. கெஸ்ட் ஹவுஸ் விஷயத்துல தூங்குறதுக்குத்தானே ஆளு வர்றாங்க, அது வீடு மாதிரிதானேன்னு வாதம் பண்ணி 2000-ல நியூ டெல்லி முனிசிபல் கவுன்சில் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போச்சு, அதை வீட்டு உபயோகம்னு கோர்ட் ஏத்துக்கல. வாடகைக்கு ஆள் வந்து போற இடத்தை வீட்டு மீட்டர்ல நடத்துறவங்க இந்தத் தீர்ப்பை ஞாபகம் வச்சுக்கணும்.

வாடகைக் கட்டடத்துல கடை போடுறவங்க இன்னும் உஷாரா இருக்கணும். ஓனர் பேர்ல வீட்டு கனெக்ஷன் இருக்கும், "கரண்ட்டெல்லாம் இருக்கு தம்பி, அப்படியே போட்டுக்கோங்க"ன்னு சொல்லுவாரு, நீங்களும் கடையைத் திறந்துடுவீங்க. பிடிச்சா ஓனர்தானே மாட்டுவாருன்னு நினைக்காதீங்க, மின்சாரச் சட்டத்துல அனுமதி இல்லாத உபயோகத்துக்கான 126-வது பிரிவுல அந்த உபயோகத்தால பலன் அடைஞ்சவர்கிட்டயும் வசூல் பண்ணலாம்னு இருக்கு. கடை திறக்குறதுக்கு முன்னாடியே டாரிஃப் சேஞ்சுக்கு ஓனர்கிட்ட கையெழுத்து வாங்குங்க, வாடகை அக்ரிமெண்ட்லயும் அதுக்குன்னு ஒரு வரி சேருங்க.

பேப்பர் எந்த வகைன்னு பிரிங்க

வர்ற பேப்பர் மூணு வகையில ஒண்ணா இருக்கும்.

ஒண்ணு, ஆடிட்ல கண்டுபிடிச்சு வர்ற ஷார்ட்ஃபால், அதாவது குறைவா வாங்கின தொகை. ஈபியோட ஆடிட் ஆளுங்க ரெஜிஸ்டரைப் பார்த்து இந்த சர்வீஸுக்கு 3-பி போட்டிருக்கு, 5 போட்டிருக்கணும்னு ஒரு ஆடிட் ஸ்லிப் எழுதுவாங்க, அதை வச்சு செக்ஷன் ஆபீஸ்ல (உங்க ஏரியா ஈபி ஆபீஸ்ல) இருந்து வித்தியாசத் தொகையைக் கேட்டு நோட்டீஸ் வரும். இது அவங்க ஆபீஸ் தப்பைத் திருத்துறது, அதனால வித்தியாசம் மட்டும்தான் கேட்க முடியும், அபராதம் கிடையாது.

ரெண்டாவது, இடத்துக்கே வந்து பார்த்துட்டு போடுற 126. அனுமதி கொடுத்த உபயோகம் ஒண்ணு நீங்க பண்றது இன்னொண்ணுன்னு அர்த்தம், பொருந்துற டாரிஃபைப் போல ரெண்டு மடங்கு. எப்ப ஆரம்பிச்சதுன்னு தெரிஞ்சா அந்தக் காலம் முழுக்க, தெரியலைன்னா இன்ஸ்பெக்ஷன் தேதிக்கு முந்தின 12 மாசம்.

மூணாவது 135, திருட்டு. மீட்டரைச் சேதப்படுத்துறது, கொக்கி போடுறதுக்கு மட்டும் இல்ல, அனுமதி இல்லாத உபயோகத்துக்கு நேர்மையில்லாம எடுத்தாலும் இதுக்குள்ள வரும். ஆனா நேர்மையின்மை இருந்ததுன்னு அவங்க காட்டணும், வெறும் டாரிஃப் தகராறை 135-ல போட்டிருந்தா ஒரு நாள் கூட தாமதிக்காம கிரிமினல் பக்கம் தெரிஞ்ச வக்கீலைப் பாருங்க. காம்பவுண்டிங் (கேஸை முடிச்சுக்கிற சமரசத் தொகை) கட்டி முடிச்சுக்கலாம்னு சொல்லுவாங்க, அது ஒருத்தருக்கு ஒரு தடவைதான் கிடைக்கும், அதைத் தெரிஞ்சுக்கிட்டு முடிவு பண்ணுங்க. 126-க்கும் 135-க்கும் என்ன வித்தியாசம்னு 2011-ல ஒடிசா ரைஸ் மில் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் விளக்கமா எழுதியிருக்கு, வக்கீல்கிட்ட அதைக் கேளுங்க.

பேப்பர்ல செக்ஷனே போடாம வெறும் தொகை மட்டும் இருக்குதா? எந்தச் சட்டப் பிரிவுல இதைக் கேக்குறீங்கன்னு செக்ஷன் ஆபீஸ் ஏஇக்கு (உதவிப் பொறியாளருக்கு) ஒரு லெட்டர் எழுதி ஒப்புகை வாங்கிக்கோங்க, வாயால கேட்டா வாயாலதான் பதில் வரும்.

இந்த வித்தியாசம் பணமா எவ்வளவுன்னு ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். 2022 செப்டம்பர் ரேட்டை எடுத்துக்குறேன், அதுக்கப்புறம் ஜூலைக்கு ஜூலை ஏறியிருக்கு, நீங்க போடும்போது அந்தந்த காலத்து ரேட்டைப் போடணும். 3-பி யூனிட்டுக்கு 7 ரூபா 50 காசு, டாரிஃப் 5-ல ரெண்டு மாசத்துக்கு 100 யூனிட்டைத் தாண்டினா 9 ரூபா 50 காசு. ரெண்டு மாசத்துக்கு 2,000 யூனிட் ஓடுற ஒரு யூனிட்டுக்கு 3-பில 15,000, 5-ல 19,000. ஷார்ட்ஃபால்னா ஒரு பில்லுக்கு 4,000, வருஷத்துக்கு ஆறு பில்லு, 24,000. இதே 126-னா 19,000-த்தை ரெண்டால பெருக்கி 38,000, அதுல ஏற்கனவே கட்டின 15,000 போக 23,000, ஆறு பில்லுக்கு 1,38,000. ஃபிக்ஸட் சார்ஜும் வரியும் இதுல சேர்க்கல. 24,000 எங்க, 1,38,000 எங்க, அதே இடம், அதே மெஷின், அதே மீட்டர் ரீடிங். இதனாலதான் செக்ஷனை முதல்ல பாருங்கன்னு சொல்றேன். அவங்க அனுப்புன கணக்குல நீங்க முன்னாடி கட்டின தொகையைக் கழிச்சிருக்காங்களா, எந்தெந்த மாசம், எந்த ரேட்டுன்னு ஒவ்வொரு வரியா சரிபாருங்க, அதுல தப்பு இருக்குறது அபூர்வம் இல்ல.

இன்ஸ்பெக்ஷனுக்கு வந்த அன்னைக்கு

ஸ்குவாட் வந்தா தடுக்காதீங்க, கதவைத் திறந்து விடுங்க, ஆனா கூடவே போங்க. யார் யார் வந்திருக்காங்க, பேரு பதவி என்னன்னு குறிச்சுக்கோங்க. அவங்க மகஸர் (இடத்துல பார்த்ததைக் குறிக்கிற அறிக்கை) எழுதும்போது எந்த ரூம்ல எந்த மெஷின்னு என்ன எழுதுறாங்கன்னு படிச்சுப் பாருங்க, கேஸ் முழுக்க நிக்கப்போறது அந்த ஒரு காகிதத்து மேலதான்.

திருப்பூர்ல ஒரு எம்பிராய்டரி ஜாப் ஒர்க் யூனிட்டுன்னு வச்சுக்குவோம். உள்ள எம்பிராய்டரி மெஷின் ஓடுது, பக்கத்து ரூம்ல ஏசி போட்டு ரெண்டு கம்ப்யூட்டர்ல டிசைனை மெஷினுக்கு ஏத்த மாதிரி மாத்திட்டு இருக்காங்க. வந்தவரு ஏசியையும் கம்ப்யூட்டரையும் பார்த்துட்டு ஆபீஸ் ரூம்னு ஒரே வார்த்தையில எழுதிட்டுப் போயிடுவாரு. அந்த வார்த்தை அப்படியே கமர்ஷியல் உபயோகம்னு நோட்டீஸா திரும்பி வரும். அங்கயே, கையெழுத்துக்குப் பக்கத்துலயே, "இந்த ரூமில் எம்பிராய்டரி மெஷினுக்கான டிசைன் தயாராகிறது, வெளி விற்பனையோ அலுவலகமோ இல்லை"ன்னு உங்க கையால ஒரு வரி எழுதிட்டு அப்புறம் கையெழுத்துப் போடுங்க. எழுத விடலைன்னா அன்னைக்கு சாயங்காலமே அதைச் சொல்லி செக்ஷன் ஆபீஸுக்கு லெட்டர் கொடுத்துடுங்க, பதிவுத் தபால்லயும் ஒரு காப்பி அனுப்புங்க. அந்த ரூமை, மெஷினை, வயரிங் எங்க இருந்து வருதுங்கிறதை தேதி தெரியுற மாதிரி போட்டோ எடுத்து வைங்க, ஒரு வாரம் கழிச்சு எடுத்தா அதுக்குள்ள மாத்திட்டீங்கன்னு சொல்லுவாங்க.

உபயோகத்தை ஒத்துக்கிறேன்னு தனியா ஒரு வாக்குமூலம் கேட்டா நிதானமா இருங்க, வீட்டுக்குப் போய் படிச்சுட்டு எழுதித் தர்றேன்னு சொல்ல உங்களுக்கு உரிமை இருக்கு. மகஸர் காப்பி கேட்டு வாங்குங்க, தரலைன்னா ஆர்டிஐல பத்து ரூபா கட்டிக் கேக்கலாம், 30 நாள்ல பதில் தரணும்.

126-க்கு பதில் எழுதுறது

முதல்ல வர்றது ப்ரொவிஷனல் ஆர்டர், தற்காலிக மதிப்பீடு. அதுக்கு நீங்க ஆட்சேபணை கொடுக்கலாம், நேர்ல விளக்கம் சொல்ல வாய்ப்பு கொடுத்துட்டு 30 நாளுக்குள்ள ஃபைனல் ஆர்டர் போடணும். பேப்பர்ல 7 நாள்னு ஒரு கெடு இருக்கும், அதைப் பார்த்துத்தான் எல்லாரும் பயப்படுறாங்க. சட்டத்துல அந்த 7 நாள் மதிப்பீட்டை ஏத்துக்கிட்டுப் பணம் கட்டுறவங்களுக்கு, மறுக்கிறவங்க ஆட்சேபணைதான் கொடுக்கணும். அதைக் கடைசி நாள் வரைக்கும் இழுக்காதீங்க, நோட்டீஸ்ல சொல்லியிருக்குற தேதிக்கு முன்னாடியே கொடுத்துட்டு ஹியரிங் வேணும்னு அதுலயே எழுதிக் கேளுங்க. சம்மதிச்சு முடிஞ்ச ஆர்டருக்கு எதிரா அப்பீல் கிடையாது, இதை யாரும் கவுண்டர்ல சொல்ல மாட்டாங்க.

ஆட்சேபணையில எது வலுவான வாதம்? என் அனுபவத்துல ஒண்ணுதான் மத்த எல்லாத்தையும் விட நல்லா நிக்கும்: கனெக்ஷன் கேட்டப்பவே என்ன தொழில்னு உண்மையைச் சொல்லித்தான் கேட்டேன், அதை வச்சுத்தான் டாரிஃப் கொடுத்தீங்க, இன்னைக்கு வரைக்கும் அதே தொழில்தான் நடக்குது. அனுமதி இல்லாத உபயோகம்னு சொல்லணும்னா உபயோகம் மாறியிருக்கணும், மாறவே இல்லைன்னா, வகை போட்டதுல தப்பு இருந்தாலும் அது ஈபியோட தப்பு, வித்தியாசம் கேக்கலாமே தவிர ரெண்டு மடங்கு போடுறது பொருந்தாது. லெட்டர்ல இந்த மாதிரி எழுதலாம்:

"மேற்படி மின் இணைப்பு, விண்ணப்பத்திலேயே எம்பிராய்டரி ஜாப் ஒர்க் என்று பயன்பாட்டைக் குறிப்பிட்டுப் பெறப்பட்டது. தங்கள் அலுவலர் இடத்தை ஆய்வு செய்த பிறகே இந்த டாரிஃப் வழங்கப்பட்டது. அன்று முதல் பயன்பாடு மாறவில்லை. எனவே பிரிவு 126 எனக்குப் பொருந்தாது. விண்ணப்ப நகல், உத்யம் சான்று, ஜிஎஸ்டி பதிவு, ஜாப் ஒர்க் டெலிவரி சலான்கள், இடத்தின் புகைப்படங்கள் இணைத்துள்ளேன். நேரில் விளக்கம் அளிக்க வாய்ப்பு வேண்டும்."

அந்தப் பழைய விண்ணப்பத்தோட நகல் உங்ககிட்ட இல்லைன்னா செக்ஷன் ஆபீஸ் ஃபைல்ல இருக்கும், ஆர்டிஐ போடுங்க. இதைக் கையில வச்சிருக்குறவருக்கும் இல்லாதவருக்கும் கேஸ்ல பெரிய வித்தியாசம் இருக்கு.

ரெண்டாவது வாதம் காலம். 12 மாசத்துக்குப் போட்டிருக்காங்க, ஆனா நீங்க அந்த ஷோரூமைத் திறந்ததே நாலு மாசம் முன்னாடிதான்னா வாடகை அக்ரிமெண்ட், டிரேட் லைசென்ஸ், முதல் விற்பனை பில்லு இதெல்லாம் கொடுத்து நாலு மாசமா குறைக்கச் சொல்லுங்க. தப்பு உண்மையிலேயே உங்க பக்கம் இருந்தா இந்த வாதம்தான் உங்களைக் காப்பாத்தும், உபயோகம் மாறவே இல்லைன்னு பொய் சொல்லாதீங்க, சொன்னா 135 பக்கம் தள்ளுறதுக்கு நீங்களே காரணம் கொடுத்த மாதிரி ஆகிடும்.

ஃபைனல் ஆர்டர் பாதகமா வந்தா 127-ல அப்பீல், 30 நாள். அதுக்கு மதிப்பீட்டுத் தொகையில பாதியை முதல்ல கட்டி ரசீதை இணைக்கணும், மேல சொன்ன கணக்குல 69,000. அப்பீல் யார்கிட்ட போகணும்னு ஆர்டர்ல இல்லைன்னா உடனே எழுதிக் கேளுங்க, அந்த 30 நாள் உங்களுக்காக நிக்காது. கட்டாம விட்டா ஆர்டர் தேதியில இருந்து 30 நாளுக்கு அப்புறம் வருஷத்துக்கு 16 சதவீதம் வட்டி, ஆறு மாசத்துக்கு ஒரு தடவை கூட்டு வட்டியா ஏறும்.

126-ஐ எடுத்துக்கிட்டு சிவில் கோர்ட்டுக்குப் போக முடியாது, 145-வது பிரிவு தடுக்குது. கன்ஸ்யூமர் கோர்ட்டுக்கும் போக முடியாதுன்னு 2013-ல யூபி பவர் கார்ப்பரேஷன் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. தெரியாம அங்க போய் ஒரு வருஷம் கழிச்சு கேஸ் திரும்பி வந்து, அதுக்குள்ள அப்பீல் கெடு போயிடுச்சுன்னு உக்காந்திருக்குறவங்களைப் பார்க்கும்போது ரொம்ப வருத்தமா இருக்கும்.

ஆடிட் ஷார்ட்ஃபால்னா

இங்க எல்லாரும் கேக்குறது, எத்தனை வருஷம் பின்னாடி போகலாம்? 56-வது பிரிவோட ரெண்டாம் உட்பிரிவுல 2 வருஷம்னு இருக்கு. இது அப்படியே நம்மளைக் காப்பாத்தும்னு நினைச்சவங்க நிறைய, ஆனா 2020 பிப்ரவரியில அஜ்மீர் வித்யுத் வித்ரன் நிகம் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் அதைத் தெளிவா பிரிச்சிடுச்சு. அந்தக் கேஸே தப்பான டாரிஃப் கோடு பத்தினதுதான், 2009-ல இருந்து 2011 வரைக்கும் குறைவான கோடுல பில் போட்டுட்டு 2014-ல வித்தியாசத்தைக் கேட்டாங்க. கோர்ட் சொன்னது, தப்பைக் கண்டுபிடிச்ச பிறகு கூடுதல் தொகை கேக்குறதுக்கு அந்த 2 வருஷம் தடை இல்ல, ஆனா அந்தப் பழைய தொகைக்காகக் கரண்ட்டைக் கட் பண்ண முடியாது, வேற சட்ட வழியிலதான் வசூலிக்கணும். அதனால பழைய ஷார்ட்ஃபால் வந்தா முழுசும் செல்லாதுன்னு எழுதி நேரத்தை வீணாக்காம, கட் பண்ணுவோம்னு மிரட்டுறதை மட்டும் இந்தத் தீர்ப்பை வச்சு நிறுத்துங்க, தொகையை டாரிஃப் ஷெட்யூல் வார்த்தையை வச்சு எதிருங்க.

கட் பண்றதுக்கு முன்னாடி எழுத்துல முழுசா 15 நாள் நோட்டீஸ் கொடுத்தே ஆகணும். அந்த நேரத்துல 56-ன் முதல் உட்பிரிவுல ஒரு வழி இருக்கு, கேட்ட தொகை அல்லது முந்தின 6 மாச சராசரி பில்லு, இதுல எது குறைவோ அதை ஆட்சேபணையோட கட்டுறேன்னு எழுதிக் கட்டினா தகராறு முடியுற வரைக்கும் கனெக்ஷனைத் தொட முடியாது. ஆன்லைன்ல சும்மா கட்டிட்டு விட்டுடாதீங்க, லெட்டரோட கட்டுங்க, அந்த ஆட்சேபணைங்கிற வார்த்தை காகிதத்துல இருக்கணும். நடப்பு பில்லையும் நிறுத்தாம கட்டிட்டே வாங்க.

இந்த வகைத் தகராறுக்குப் போற இடம் சிஜிஆர்எஃப், நுகர்வோர் குறைதீர் மன்றம், ஒவ்வொரு மின்பகிர்மான வட்டத்துலயும் இருக்கு. எஸ்இ (மேற்பார்வைப் பொறியாளர்) ஆபீஸ்ல கேட்டா சொல்லுவாங்க. வக்கீல் வேணும்னு கட்டாயம் இல்ல, நீங்களே பேசலாம். ஆனா 126, 135 விஷயத்தை அங்க எடுத்துக்க மாட்டாங்க, அதனாலதான் திரும்பத் திரும்ப செக்ஷன்னு சொல்றேன். அங்க சரியா வரலைன்னா 30 நாளுக்குள்ள மின்குறைதீர்ப்பாளர், சென்னை கிண்டி திரு.வி.க. தொழிற்பேட்டையில டிஎன்ஈஆர்சி இருக்குற இடத்துலயே ஆபீஸ். மின்குறைதீர்ப்பாளரோட பழைய உத்தரவுகள் டிஎன்ஈஆர்சி வெப்சைட்ல இருக்கு, உங்க தொழில் மாதிரியே யாராவது போயிருப்பாங்க, அந்த உத்தரவு நம்பரைக் குறிப்பிட்டு எழுதினா மனுவோட கனமே மாறிடும். மன்றம் ஈபி ஆளுங்களை வச்சு நடக்குறதுதானேன்னு சலிச்சுக்கிட்டு அந்தப் படியைத் தாண்டிப் போகாதீங்க, அங்க பதிவாகுற ஆவணம்தான் அடுத்த படியில பேசும்.

டிஎன்ஈஆர்சிகிட்டயே நேரா போய் என் பில்லைச் சரி பண்ணுங்கன்னு கேக்க முடியாது, தனிப்பட்ட நுகர்வோர் பில் தகராறு மன்றத்துக்குத்தான் போகணும்னு 2007-லயே சுப்ரீம் கோர்ட் மகாராஷ்டிரா ஆணையம் கேஸ்ல சொல்லியிருக்கு. ஆணையத்துல பேச வேண்டியது வேற விஷயம், எங்க தொழிலுக்குன்னு போட்டிருக்குற வகையே நியாயம் இல்லைங்கிறது. அதுக்கு டாரிஃப் மனு வரும்போது சங்கமா சேர்ந்து எழுதிக் கொடுக்கணும், பப்ளிக் ஹியரிங்ல போய் பேசணும், 2022-ல கோவை, மதுரை, சென்னையில நடந்துச்சு. ஆர்டரே தப்புன்னா 45 நாளுக்குள்ள டெல்லியில இருக்குற மின்சார மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம், இது தனி ஆளுக்குக் கட்டுபடியாகாது, சங்கம் மூலமா போறதுதான் வழி. ஹைகோர்ட் ரிட் எப்பவும் இருக்கு, ஆனா ஹியரிங்கே கொடுக்கல, அதிகாரமே இல்லாதவர் ஆர்டர் போட்டாருன்னு இருந்தாத்தான் நேரா எடுத்துக்குவாங்க, இல்லைன்னா முதல்ல அப்பீலுக்குப் போன்னு அனுப்பிடுவாங்க.

நீங்களே கூடுதலா கட்டிட்டு இருந்தா

இது ரொம்ப பேர் கவனிக்காத பக்கம். உற்பத்தி பண்ற யூனிட், பழைய ஓனர் கடை வச்சிருந்த கட்டடம், டாரிஃப் 5-லயே ஓடிட்டு இருக்கும். டாரிஃப் சேஞ்சுக்கு உத்யம், ஜிஎஸ்டி, மெஷின் பட்டியல், லோடு விவரத்தோட மனு கொடுத்து, தேதி போட்ட ஒப்புகை வாங்குங்க, குறைஞ்சபட்சம் அந்தத் தேதியில இருந்தாவது கேக்க உங்களுக்கு ஆதாரம் இருக்கும். ஆரம்பத்துல இருந்தே அவங்க தப்பா போட்டிருந்தா, 62-வது பிரிவோட ஆறாம் உட்பிரிவுல, நிர்ணயிச்ச டாரிஃபுக்கு மேல வாங்கினதை பேங்க் ரேட் வட்டியோட திரும்பக் கேக்கலாம்னு இருக்கு, சப்ளை கோடு 12-வது ஒழுங்குமுறையிலயும் பில்லிங் தப்புல கூடுதலா கட்டினவருக்கு ரீஃபண்ட் உரிமை இருக்கு. ஆனா காலக்கெடு தாண்டின தொகைக்கு அது ஓடாது, அதனால தெரிஞ்ச உடனே எழுதுங்க. ரீஃபண்ட் காசா வராம பெரும்பாலும் அடுத்தடுத்த பில்லுல கழிச்சுத்தான் வரும், எந்த பில்லுல எவ்வளவு கழிச்சாங்கன்னு குறிச்சு வைங்க.

உத்தரவு உங்களுக்குச் சாதகமா வந்த பிறகும் ஒரு வேலை பாக்கி இருக்கு. ஆர்டர் ஒரு ஆபீஸ்ல இருந்து வரும், பில் போடுறது இன்னொரு ஆபீஸ். நகலை செக்ஷன் ஏஇக்கும் ரெவின்யூ பிரிவுக்கும் தனித்தனியா கொடுத்து ஒப்புகை வாங்குங்க, அடுத்த பில்லுல பழைய அரியர் இன்னும் காட்டுதா, டாரிஃப் கோடு மாறியிருக்கான்னு பாருங்க, மாறலைன்னா பில் நகலையும் ஆர்டர் நகலையும் வச்சு மன்றத்துக்கே மறுபடி எழுதுங்க. வெள்ளை அட்டையில புது டாரிஃபை எழுதி வாங்குற வரைக்கும் அந்த ஃபைலை மூடாதீங்க.